கூடத்தில் வைத்த மெஷின்

மெஷினை எங்கே இறக்குவது என்று லோரிக்காரன் கேட்டான். விசுவலிங்கம் கிராணியார் அவனை மேலிருந்து கீழ்வரை ஒரு பார்வை பார்த்தார். தோட்டத்து ஆபீசில் பெரிய கிராணியாக இருந்து, வரிசையாக வந்த துரைகளுக்கெல்லாம் கடிதம் எழுதிக் கொடுத்தவர் அவர். அந்தத் துரைகள் கையெழுத்துப் போட்டதையும் கோல்ஃப் ஆடியதையும் தவிர வேறு ஒரு வேலையும் செய்ததில்லை. தோட்டத்தை நடத்தியது இவர்தான். அப்படிப்பட்டவரின் சுட்டுவிரல் கூடத்தின் நடுவை நோக்கி நீண்டது.

“உதிலை வை.”

“ஐயா, இது துணி தொவைக்கிற மெஷினு. பின்னால சமைக்கிற குசினிப் பக்கம்தான் லா வைப்பாங்க,” என்றேன்.

“என்ன காணும் சன்னாசி, டெலிவிஷனைக் குசினியிலையே வைக்கிறது?”

அவர் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லி ஜெயித்தவன் கோலசிலாங்கூரில் இன்னும் பிறக்கவில்லை. மெஷின் கூடத்திலேயே நின்றது. ஒரு பக்கம் கண்ணாடி அலமாரி, மறுபக்கம் டெலிவிஷன், தலைமேல் பூவேலை செய்த வெள்ளைத் துணி. வந்த அன்றே முக்காட்டோடு உட்கார்த்தி வைத்த புது மருமகள் மாதிரி இருந்தது.

இன்னொரு காரணமும் உண்டு. அதை அவர் வாய்விட்டுச் சொல்லவில்லை. பக்கத்து அறைக் கட்டிலில் அவர் மனைவி யோகாம்பாள் படுத்திருந்தார். அங்கிருந்து பார்த்தால் கூடம் தெரியும், குசினி தெரியாது.

அது எண்பத்து நாலாம் வருஷம். யோகாம்பாள் அம்மாவுக்கு வாதம் வந்து இடப்பக்கம் முழுக்க விழுந்திருந்தது. பேச்சும் போயிற்று. மிஞ்சியது வலக்கையும் பாதிச் சிரிப்பும்தான். வலக்கையால் கட்டில் சட்டத்தைத் தட்டுவார். தண்ணீர் வேண்டுமென்றால் மெல்ல ஒரு தட்டு. கிராணியார் வேண்டுமென்றால், உறுமிக்காரன் உறுமியை வைத்துவிட்டுக் கும்பிட்டுப் போகும்படி ஒரு அடி.

விரிப்புதான் பாடாய்ப் படுத்தியது. மாற்ற மாற்ற நனையும். சின்னத்தாய் என்று ஒருத்தி வந்து துவைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். செரண்டாவில் தொழிற்சாலை வேலை கிடைத்ததும் சோப்புக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு போனவள்தான், திரும்பவில்லை. அவளைக் குறை சொல்ல மாட்டேன். அங்கே காற்றாடிக்குக் கீழே வேலை, தலைக்குத் தொப்பி வேறு. என்னைக் கூப்பிட்டிருந்தால் நானே தொப்பியைப் போட்டுக்கொண்டு ஓடியிருப்பேன்.

நான் அதே தோட்டத்தில் ஆட்களை மேய்க்கும் புகைக்கூட மண்டோராக இருந்தவன். ரப்பர் சீட்டுகளை மூங்கிலில் தொங்கவிட்டு, அடியில் விறகை மூட்டிப் புகையில் காயவைக்கும் கூடம் அது. வேலை ஓய்ந்த பிறகு என் உத்தியோகமே பக்கத்து வீட்டுக் கிராணியாருக்கு யோசனை சொல்வதுதான். அவர் கேட்காத யோசனையாகப் பார்த்துச் சொல்வேன்.

மெஷின் வாங்கியதற்குக் காரணம் அவர் மகன் தனபாலன். பெட்டாலிங் ஜெயாவில் எஞ்சினியர். ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தவன் வாசற்படியிலேயே நின்று மூக்கைப் பொத்தினான். கிள்ளானில் படுக்கையாய்க் கிடப்பவர்களைப் பார்த்துக்கொள்ளும் ஒரு இல்லத்தில் அம்மாவுக்குக் கட்டில் சொல்லி வைத்திருப்பதாகச் சொன்னான். கிராணியார் போட்ட சத்தத்தில் தென்னையிலிருந்து குரும்பை உதிர்ந்தது.

“உன்ரை அம்மா இந்த வீட்டிலைதான் இருப்பா. எனக்கு உயிர் இருக்குமட்டும் இஞ்சைதான் இருப்பா!”

“அப்பா, கத்தாதீங்கோ லா. தீபாவளிக்கு வாறன். அம்மா காய்ஞ்ச பெட்ஷீட்டில படுத்திருந்தா நான் வாயே திறக்க மாட்டன். இல்லாட்டி அண்டைக்கே கூட்டிக்கொண்டு போயிடுவன்.”

அவன் கார் திருப்பத்தைத் தாண்டுவதற்குள் கிராணியார் சட்டையை மாட்டிக்கொண்டு மெஷின் வாங்கக் கிளம்பிவிட்டார்.

மெஷினோடு ஒரு புத்தகம் வந்தது, இங்கிலீஷில். துரை அனுப்பிய சுற்றறிக்கையை வாசிப்பதுபோல நின்றுகொண்டே வாசித்து எனக்குத் தமிழில் சொன்னார்.

“மூடியைத் திறந்தால் பிழியிறது நிண்டிடும். துணியை ஒரு பக்கமாய்க் குவிக்கக் கூடாது. தூள் கனக்கப் போடக் கூடாது. பஞ்சு பிடிக்கிற வலைப்பையை ஒவ்வொருக்காலும் கழுவ வேணும். விளங்குதே?”

“வெளங்குதுங்க. நம்ம தோட்டத்துல எந்தத் துரையும் இவ்வளவு சட்டம் போட்டதில்ல.”

பைப்பைத் திறந்தோம். எங்கள் பக்கத்துப் பைப்புத் தண்ணீரை அறியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: சுவரில் ஒட்டியிருக்கிற பல்லி அதைவிட வேகமாகப் பெய்யும். இந்த மெஷினோ, குறித்த மட்டத்துக்குத் தண்ணீர் ஏறினால்தான் சுற்றும். நான் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டு, ஒரு தூக்கம் போட்டு, கனவும் கண்டு முடித்துத் திரும்பி வந்தேன். விரிப்பின் ஓரம்கூட நனையவில்லை. கிராணியார் நாற்காலியில் உட்கார்ந்து மெஷினை முறைத்துக்கொண்டிருந்தார்.

“பழுதானதைத் தலையிலை கட்டிட்டாங்கள் காணும்.”

“மெஷினு நல்லாத்தாங்க இருக்கு. ஆத்தை இந்தப் பக்கம் திருப்பிவிட்டாதான் இது நெறையும்.”

ஆற்றைத் திருப்ப முடியவில்லை. ஆளுக்கொரு வாளியை எடுத்துக்கொண்டோம். வெளியே மழைத் தண்ணீர் பிடிக்கிற பீப்பாய். அங்கிருந்து கூடத்துக்கு நடை. இரண்டு கிழவர்கள் ஆளுக்கொரு வாளியோடு எதிரும் புதிருமாக ஓடினால் வழியில் சிந்துவதுதான் அதிகம். கடைசியில் ‘டொக்’ என்று ஒரு சத்தம் கேட்டது. தொட்டியின் அடியில் இருந்த தட்டு இப்படியும் அப்படியும் திரும்ப ஆரம்பித்தது. நாங்கள் இரண்டு பேரும் மூடியைத் திறந்து வைத்து, கிணற்றில் விழுந்த ஆட்டைப் பார்ப்பதுபோல எட்டிப் பார்த்தோம். உள்ளே வெள்ளை விரிப்பு முங்கி முங்கி எழுந்தது. அறையிலிருந்து கட்டில் சட்டம் தாளத்தோடு தட்டும் சத்தம் கேட்டது. போய்ப் பார்த்தால், அம்மா வாயின் ஒரு பாதியால் சிரித்துக்கொண்டிருந்தார்.

“பாத்தீரே? யோகத்துக்குப் பிடிச்சுப் போச்சு,” என்றார் கிராணியார். அவர் கண்ணாடியைத் துடைத்தது சோப்பு நுரை தெறித்ததால்தான் என்று இன்றைக்கும் சொல்வார்.

பிழியும் நேரம் வந்தது. அந்தக் கூடத்தின் தரை, கழுவிவிட்டால் தண்ணீர் தானே வெளியே ஓடட்டும் என்று வாசல் பக்கம் சரிவாகக் கட்டியது. நனைந்த விரிப்போ ஒரே பக்கமாகச் சுருண்டு கிடந்தது. மெஷின் முதலில் தலையை ஆட்டியது, பிறகு இடுப்பை ஆட்டியது, பிறகு புறப்பட்டுவிட்டது. பூவேலைத் துணி பறந்தது. நான் பாய்ந்து அதன்மேல் ஏறி உட்கார்ந்தேன். என்னையும் சுமந்துகொண்டு வாசலைப் பார்த்துப் போயிற்று.

“மூடியைத் திறவும் காணும்! திறந்தால் நிக்கும்!”

“மூடி மேலதாங்க நான் உக்காந்திருக்கேன்!”

வயர் முடிந்து பிளக் கழன்றதால் தப்பித்தேன். இல்லாவிட்டால் அன்று சாயங்காலம் தஞ்சோங் காராங் வயல்காரர்கள், ஒரு மண்டோர் வெள்ளைப் பெட்டிமேல் ஏறி வாய்க்கால் ஓரமாகச் சவாரி போவதைப் பார்த்துச் சலாம் வைத்திருப்பார்கள்.

மறுநாள் புத்தகத்தைத் திரும்ப வாசித்தோம். புகைக்கூடத்திலிருந்து ரப்பர் சீட்டுத் துண்டுகள் கொண்டுவந்து, முன் கால்களுக்கு அடியில் மடித்து வைத்தேன். ஒரு தட்டில் தண்ணீர் ஊற்றி மூடிமேல் வைத்து, சமமாக நிற்கிறதா என்று பார்த்தோம். ரப்பரைக் கண்டதும் மெஷின் கல்லில் அடித்த ஆணிபோல நின்றுவிட்டது. விரிப்பைக் குவிக்காமல் தொட்டியைச் சுற்றி வளையமாகப் போடப் பழகினோம். பைப்பு வந்து சேரும் இடத்தில் ஒரு சின்னச் சல்லடை உண்டு. அதில் செம்மண் அடைத்துக்கொள்ளும். கிராணியார் காலையில் அம்மாவுக்குப் பல் விளக்கிவிட்டு, வேறொரு பிரஷ்ஷை எடுத்துவந்து மெஷினுக்கும் பல் விளக்குவார்.

கொஞ்ச காலம் நன்றாக ஓடியது. முற்றத்துக் கொடியில் விரிப்புகள் கப்பல் பாய்போல உப்பி நின்றன. வீட்டில் இருந்த வாடை போயிற்று. கிராணியார் தெருவில் போகிறவர்களை எல்லாம் கூப்பிட்டு மூச்சை இழுத்துப் பார்க்கச் சொன்னார். தீபாவளி சீக்கிரம் வரட்டும் என்று காத்திருந்த பெரியவர் அந்த வருஷம் அவர் ஒருவர்தான்.

அதற்கு முன்னால் சரஸ்வதி பூஜை வந்தது.

அன்றைக்குத் தொழில் செய்யும் கருவிக்கு ஓய்வு கொடுத்து, சந்தனமும் குங்குமமும் வைத்துக் கும்பிடுவோம். தோட்டத்தில் பால்வெட்டுக் கத்தியிலிருந்து லோரி வரைக்கும் அன்று பொட்டு வைத்துக்கொள்ளாத இரும்பே கிடையாது. கிராணியார் உத்தியோகத்தில் இருந்தவரை பேனாவையும் டைப்ரைட்டரையும் வைத்தார். ஓய்வு பெற்ற பிறகு வைக்க ஒன்றுமில்லாமல் மூக்குக் கண்ணாடியை வைத்துச் சமாளித்துக்கொண்டிருந்தார். இந்த வருஷம் அவருக்கு ஒரு கருவி இருந்தது. முகம் மாப்பிள்ளை முகம் மாதிரி ஆகிவிட்டது.

மெஷினுக்குச் சந்தனம், குங்குமம், மல்லிகைச் சரம். அதோடு நின்றிருக்கலாம்.

“வெறுங் குடத்தைக் கும்பிடக் கூடாது காணும். உள்ளுக்கு மங்கலமாய் ஏதேனும் இருக்க வேணும்.”

தொட்டிக்குள் வெற்றிலை பரப்பி, மஞ்சள் கிழங்கு வைத்து, ஒரு கைப்பிடி கொட்டைப்பாக்கும் போட்டார். பாக்கை எண்ணிப் போட்டவரும் இல்லை, பிறகு எண்ணி எடுத்தவரும் இல்லை.

பூஜை வைத்த கருவியை மறுநாள் விஜயதசமி வரைக்கும் தொடக்கூடாது. அம்மாவின் விரிப்புகள் குவிந்தன. மாற்றிப் போடக் காய்ந்த துணி தீர்ந்து, கிராணியாரின் வேட்டிகள் கட்டிலுக்குப் போயின. அவையும் நனைந்தன.

“ஐயா, அம்மா ஈரத்துல கெடக்குறாங்க. ஒரு வாட்டி போட்ருவோம். சாமி ஒண்ணும் சொல்லாது.”

“உம்மடை சாமி சொல்லாது. என்ரை சரஸ்வதி சொல்லுவா.”

விஜயதசமி காலையில் வெற்றிலையையும் மஞ்சளையும் பாக்கையும் எடுத்துவிட்டு, குவிந்ததை எல்லாம் போட்டு, தண்ணீர் சுமந்து ஊற்றி, சுவிட்சைத் திருப்பினார். மெஷின் கன்று போடப்போகும் மாடு மாதிரி “ம்ம்ம்” என்று முனகியது. தட்டு அசையவில்லை. கருகிய வாடை வந்ததும் பிளக்கைப் பிடுங்கினார்.

துணியைப் பாதியாகக் குறைத்தோம். முனகியது. எல்லாவற்றையும் எடுத்தோம். வெறுந்தொட்டியோடும் முனகியது. நான் முதுகுப் பலகையைக் கழற்றி வார்ப்பட்டையைத் தொட்டுப் பார்த்தேன். என்னைவிடத் திடமாக இருந்தது. கிராணியார் புத்தகத்தைக் கடைசி அட்டை வரை வாசித்தார். பிளக் சொருகியிருக்கிறதா, தண்ணீர் திறந்திருக்கிறதா என்றெல்லாம் கேட்டுவிட்டு, முனகிக்கொண்டு சுற்றாத மெஷினுக்குக் கடைக்காரனைக் கூப்பிடு என்று அது கைகழுவிவிட்டது. கடைக்குப் போன் போட்டால், எங்கள் பக்கம் வர ஆள் இல்லை, தீபாவளி கழித்துத்தான் வர முடியும் என்றார்கள்.

தீபாவளி கழித்து வந்து யாருக்கு என்ன லாபம்?

கையால் துவைத்தோம். கிராணியார் வாழ்நாளில் ஒரு கைக்குட்டையைக்கூடக் கசக்கியவர் இல்லை. நனைந்த விரிப்பைக் கூலியாள் கொடுத்த மனுவைப்போல இரண்டு விரலால் பிடித்துக்கொண்டு நின்றார். நான் ஒரு முனை, அவர் மறுமுனை என்று முறுக்கினால், இரண்டு பேரும் ஒரே பக்கமாகவே முறுக்குவோம். போதாதற்கு மழை பிடித்துக்கொண்டது. அந்த ஐப்பசி மழையில் எங்கள் வீட்டுக் கோழிகள் நீந்தப் பழகி, வாத்துகளுக்கு வகுப்பு எடுத்தன. கொடியில் போட்ட விரிப்பு போட்டதைவிட ஈரமாகத் திரும்பி வந்தது. வாடையும் திரும்பி வந்தது, பழைய வீட்டுக்காரன் மாதிரி உரிமையோடு.

“ஐயா, காயவைக்கணும், அவ்வளவுதானே? அது என் தொழிலுங்க. புகைக்கூடத்துல போட்ருவோம்.”

வேறு நாளாக இருந்தால் என்னை வெளியே போகச் சொல்லியிருப்பார். அன்றைக்கு மூட்டையைக் கட்டி என் சைக்கிளில் வைத்தார்.

இப்போது அங்கே மண்டோராக இருக்கிற ஐயாவு தலையில் அடித்துக்கொண்டு இடம் விட்டான். விரிப்புகள் ரப்பர் சீட்டுகளுக்கு நடுவே தொங்கின. காய்ந்ததென்னவோ உண்மை. பப்படம் மாதிரி காய்ந்தன. முதல் தரச் சீட்டின் தேன் நிறம் ஏறியிருந்தது. வீட்டுக்குள் விரித்ததும் தெருமுனையிலிருந்த சீனக் கடைக்காரன் வாளியோடு ஓடிவந்து எங்கே தீ என்று கேட்டான்.

“மூத்திர மணம் இல்லை,” என்றார் கிராணியார் முகர்ந்து பார்த்து. “அதுவே போதும்.”

அம்மா இருமினார். என் சைக்கிளோ மழையில் நினைத்தபோதெல்லாம் போய்வர முடியாது. ஒரு மூட்டைக்கும் அடுத்த மூட்டைக்கும் நடுவில் அம்மா ஈரத்தில்தான் கிடந்தார். வர வர அவரைப் புரட்டிப் போடவும் எங்களால் முடியவில்லை. நான் இழுத்தால் கிராணியாரின் முதுகு பிடித்துக்கொள்ளும், அவர் இழுத்தால் என் முதுகு. மல்லாக்கவே விட்டுவிட்டு அடியில் விரிப்பை மட்டும் உருவி மாற்றினோம். கட்டில் சட்டத்தில் தட்டும் சத்தம் குறைந்துகொண்டே வந்தது. எங்களுக்குத் தொந்தரவு கொடுக்க வேண்டாம் என்று நினைக்கிறார் போலும் என்று பேசிக்கொண்டோம்.

தீபாவளியன்று தனபாலன் மனைவி மங்கையற்கரசியோடு வந்து இறங்கினான். வாசற்படியில் நின்றான்.

“அப்பா, வீட்டுக்குள்ள என்ன எரியுது?”

“ஒண்டும் எரியேல்லை. தீபாவளி,” என்றார் கிராணியார்.

அவன் நேரே மெஷினிடம் போனான். சுவிட்சைத் திருப்பி முனகலைக் கேட்டான். காரிலிருந்து ஸ்க்ரூடிரைவர் கொண்டுவந்து, தொட்டியின் அடியில் இருந்த தட்டின் நடு ஆணியைக் கழற்றி, தட்டைத் தூக்கினான். கையை விட்டு ஒன்றை நோண்டி எடுத்தான். தண்ணீரில் ஊறிக் கறுத்த ஒரு கொட்டைப்பாக்கு. தட்டுக்கும் தொட்டிக்கும் நடுவில் ஆப்பு வைத்த மாதிரி இறுகிப்போயிருந்திருக்கிறது.

“இது என்ன?”

கிராணியார் கண்ணாடியைப் போட்டுப் பார்த்தார். “பாக்கு.”

“மெஷினுக்குள்ள பாக்கு ஏன் அப்பா?”

“அதுவும் எங்களை மாதிரி வயசாளிதானே தம்பி. வெத்தலை போட்டிருக்கும் லா,” என்றேன்.

தனபாலன் அடக்கப் பார்த்தான், முடியவில்லை, சிரித்துவிட்டான். கிராணியாரும் சிரித்தார். தட்டை மாட்டி, தண்ணீர் ஊற்றி, சுவிட்சைத் திருப்பினால், மெஷின் முதல் நாள் மாதிரி சுற்றியது. கிராணியார் கை தட்டினார். கிழவர் ஒரு சுற்று ஆடியும் விட்டார் என்று சொன்னால் நம்பமாட்டீர்கள்; நான் பார்த்தேன்.

“இனி என்ன சொல்லுறாய்? மெஷின் ஓடுது! ஒரு நாளையிலை எல்லாம் வெள்ளை வெளீரெண்டு வந்திடும். அம்மா இஞ்சைதான்!”

தனபாலன் தலையாட்டுகிற மாதிரிதான் இருந்தது. “சரி. அந்தப் பெட்ஷீட்டையும் எடுங்கோ, போட்டுப் பாப்பம்,” என்றான்.

விரிப்பை எடுக்க மருமகள் அறைக்குள் போனாள். அம்மாவை ஒரு பக்கமாகப் புரட்டியிருப்பாள். சத்தம் போடவில்லை. மெல்லத்தான் கூப்பிட்டாள்.

“இஞ்ச ஒருக்கா வாங்கோ.”

மூன்று பேரும் போனோம். அம்மாவின் முதுகுக்குக் கீழே, இடுப்பெலும்பு அழுத்துகிற இடத்தில், ஒரு புண். சின்னதில்லை. ஈரத்தில் ஊறிப் பிளந்திருந்தது. புகையில் காய்ந்த விரிப்பு அதில் ஒட்டியிருந்தது. நாங்கள் அந்த வாடையை ஈரத் துணியின் வாடை என்றே நினைத்திருந்தோம்.

கூடத்தில் மெஷின் தண்ணீரை மட்டும் துவைத்துக்கொண்டிருந்தது. அந்தச் சத்தம்தான் கேட்டது. கிராணியார் மகனைப் பார்த்தார், அம்மாவைப் பார்த்தார், பிறகு தன் இரண்டு கைகளையும் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“காரை வாசலோடை கொண்டு வா,” என்றார். “மெதுவாய்த் தூக்க வேணும்.”

மெத்தையோடு தூக்கி வெளியே கொண்டுபோவதற்குக் கூடத்து மெஷின் வழியை மறித்தது. தள்ளினோம். முதல் நாள் என்னையும் சுமந்துகொண்டு தானே வாசலுக்கு நடந்த மெஷின், ரப்பர் கால் போட்ட பிறகு அசைய மாட்டேன் என்றது. எத்தனை யானை இழுத்தாலும் வராது போலிருந்தது. கடைசியில் தனபாலனும் நானும் அதைக் கட்டிப்பிடித்துத் தூக்கித்தான் ஓரம் வைத்தோம்.

அம்மாவின் வலக்கை கட்டில் சட்டத்தைப் பிடித்திருந்தது. அவ்வளவு பலம் எங்கே மிஞ்சியிருந்ததோ, மகன் இழுத்தும் வரவில்லை. “விடுங்கோ மாமி,” என்றாள் மருமகள். விடவில்லை. கிராணியார் குனிந்தார்.

“யோகம், இஞ்சேரும். என்னாலை ஏலாது.”

விரல்களை ஒவ்வொன்றாக அவரே பிரித்தார். கட்டைவிரலைக் கடைசியில்.

அம்மா கிள்ளானில் இருக்கிறார். பஸ் ஏறிப் போய்ப் பார்த்து வருவோம். விரிப்பு வெள்ளை வெளேர் என்று இருக்கிறது, புண் ஆறிக்கொண்டு வருகிறது என்கிறார்கள். கட்டில் அங்கே இரும்பு. அதில் அவர் தட்டி நான் கேட்டதில்லை.

மெஷின் அதற்குப் பிறகு ஒரு நாள்கூட மக்கர் பண்ணவில்லை. ஒரு கிழவரின் வேட்டி, இரண்டு பனியன். அதற்கு என்ன பெரிய மெஷின்? ஆனால் கிராணியார் தினமும் அம்மாவின் கட்டில் விரிப்பையும் எடுத்துப் போட்டுத் துவைப்பார். காய்ந்ததும் கொண்டுபோய்ச் சுருக்கமில்லாமல் விரிப்பார். மறுநாள் அதையே எடுப்பார்.

“ஐயா, இது நேத்துத் தொவைச்சதுதானே. யாரும் படுக்கலையே.”

“சும்மா நிண்டால் மெஷின் துருப்பிடிக்கும். புத்தகத்திலை இருக்குது.”

எனக்கு இங்கிலீஷ் தெரியாது. இருக்கும் என்று நம்பிக்கொண்டு வாளியை எடுப்பேன்.

அடுத்த வருஷம் சரஸ்வதி பூஜை வந்தது. நான் வீட்டில் அரிவாளுக்கும் சைக்கிளுக்கும் பொட்டு வைத்துவிட்டு, மிச்சச் சந்தனத்தை ஒரு கிண்ணத்தில் எடுத்துக்கொண்டு போனேன். மெஷின் மூடி திறந்திருந்தது. விரிப்பை வளையமாகப் போட்டுவிட்டுக் கிராணியார் எனக்காகக் காத்துக்கொண்டிருந்தார்.

“ஐயா, இன்னிக்குப் பூஜைங்க.”

“தெரியும்,” என்றார். “தண்ணியை ஊத்தும்.”